உம் கொட்ட ஓர் ஆள்

இது நடந்தது. கட்டுக்கதை என்று நினைப்பவர்கள் இப்போதே எழுந்து போய்விடலாம், எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. சந்தேகம் தீராதவர்கள் என் வீட்டுக்கு வாருங்கள். என் தம்பியைக் காட்டுகிறேன். அவனைப் பார்த்த பிறகும் சிரிப்பு வந்தால் தாராளமாகச் சிரித்துவிட்டுப் போங்கள்.

அப்பாவும் அம்மாவும் ஒருவர் பின் ஒருவராகப் போனபோது எனக்குப் பதினேழு வயது, அவனுக்கு ஒன்பது. நான் ஒரு தட்டச்சு நிலையத்தில் வேலைக்குச் சேர்ந்து அவனைப் படிக்க வைத்தேன். அவன் படித்ததெல்லாம் இலக்கியம். அதிலும் ஆராய்ச்சிக்கு எடுத்தது புராணங்களும் மாயக் கதைகளும். ஆறு வருடம் பேய், பூதம், பேசும் கிளி, தலையில்லாத ராஜா என்று இதே பிழைப்பு.

"இதுக்கெல்லாம் யாருடா சம்பளம் குடுப்பா?"

"டாக்டர் பட்டம் குடுப்பாங்கக்கா."

"ஊசி போடத் தெரியாத டாக்டர்."

வாய் ஓயாமல் பேசுவான். சாப்பிட்டாயா என்று கேட்டால், சாப்பாடு பற்றி எந்தெந்தக் கதையில் என்னென்ன வருகிறது என்று ஆரம்பித்துவிடுவான். அதனால் வீட்டில் அவன் பெயரே புராணம்தான். பேச்சுதான் அவன் சொத்து. எங்களிடம் வேறு எதுவும் இருக்கவும் இல்லை.

அன்றைக்கு மறுநாள் காலை பத்தரைக்கு அவனுக்கு வாய்மொழித் தேர்வு. தேர்வாளர்கள் முன் உட்கார்ந்து அவர்கள் கேட்பதற்குப் பதில் சொல்ல வேண்டும். சொல்லிவிட்டால் பட்டம், கல்லூரியில் வேலை. என் முதுகுவலிக்கும் ஒரு முடிவு வரும். வெளியிலிருந்து வரும் தேர்வாளர் ஒரே ஒரு நிபந்தனை போட்டிருந்தார். ஆய்வேட்டில் சுருக்கமாக எழுதியிருந்த ஒரு கதையை, சொல்பவர் வாயால் சொன்னபடியே முழுதாகக் கொண்டுவரச் சொல்லியிருந்தார்.

அந்தக் கதை தெரிந்தவர் எங்கள் தெருமுனையில் சலவைக்கடை வைத்திருக்கும் அம்மா. தம்பி முந்தின வாரம் போய்ப் பதிவு செய்துகொண்டு வந்தான். கேட்டுப் பார்க்க அவனுக்கு நேரமில்லை. அதை எழுத்தாக அடித்துக் கொடுக்கும் வேலை, வழக்கம்போல, என் தலையில்.

"சொன்னது சொன்னபடி அடிக்கா. நடுவுல கேக்கறவங்க பேசினா மட்டும் விட்டுடு. கேக்கறவன் குரல் கதையைக் கெடுத்துடும்னு எங்க நெறியாளர் சொல்வாரு."

"உங்க நெறியாளருக்குக் கதை சொல்ல ஆள் கிடைச்சிருக்காது."

சிரித்துக்கொண்டே உள்ளறைக்குப் போனான். உள்ளறைக்குக் கதவு கிடையாது, பச்சைத் திரை மட்டும். உள்ளே விளக்கு எரிந்தது, மின்விசிறி ஓடிக்கொண்டிருந்தது. நாளைக்குப் பேச வேண்டியதைச் சத்தமாகச் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தான். நான் காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தபோது மணி ஏழு ஐந்து.

முதலில் நீராவி சீறும் சத்தம். அந்த அம்மா துணி தேய்த்துக்கொண்டேதான் எதையும் பேசுவார். சுவரைப் பார்த்து நிற்பார், முதுகு நமக்கு.

"உம் கொட்ட ஆள் வேணும் தம்பி. ஆள் இல்லாம இந்தக் கதைய சொல்லக் கூடாது. சொன்னா, ஆள் வந்துரும்."

"நான் இங்கதாம்மா இருக்கேன். நீங்க சொல்லுங்க." தம்பியின் குரல்.

ஒரு கதவு கிறீச்சிட்டது. கடைக்கு யாரோ வந்து போகிறார்கள் என்று நினைத்தேன்.

கதை ஆரம்பித்தது. ஒரு வீட்டில் ஒரு தாய், ஒரு குழந்தை. தினமும் படுத்த பிறகு தாய் கதை சொல்வாள். குழந்தை உம் கொட்டும். உம் நின்றால் குழந்தை தூங்கிவிட்டது என்று அர்த்தம், அவளும் தூங்கிவிடுவாள்.

"உம்."

தம்பிதான். எனக்குத் தெரியாதா அவன் குரல்? ஒவ்வொரு வாக்கியத்துக்கும் ஒரு உம். அவன் சொன்னபடி அதையெல்லாம் விட்டுவிட்டு அடித்துக்கொண்டே போனேன். நடுவில் ஒன்று மட்டும் உறுத்தியது. எல்லா உம்மும் ஒரே அளவில் இருந்தது. ஆர்வமும் இல்லை, அலுப்பும் இல்லை. இவன் எப்போது இவ்வளவு அடக்கமாக உட்கார்ந்து கதை கேட்டான் என்று நினைத்துக்கொண்டேன்.

ஏழு நாற்பதுக்குக் கை வலித்தது. பதிவை நிறுத்தினேன்.

"டேய், சாப்பிட்டியாடா?"

திரைக்குப் பின்னாலிருந்து, "உம்."

"நாளைக்குச் சட்டை தேச்சாச்சா?"

"உம்."

"பயமா இருக்காடா?"

"உம்."

பாவம், நாளைக்காகத் தொண்டையைப் பத்திரப்படுத்துகிறான் என்று நினைத்தேன். மறுபடியும் பதிவை ஓட விட்டேன்.

ஒரு நாள் இரவு தாய் வழக்கம்போலக் கதை சொல்கிறாள். உம் வருகிறது. கதை நீள்கிறது. உம் நிற்கவே இல்லை. இவ்வளவு நேரம் குழந்தை விழித்திருக்காதே என்று, இருட்டில் கையை நீட்டிக் குழந்தையின் முகத்தைத் தடவுகிறாள். கண் மூடியிருக்கிறது. வாய் மூடியிருக்கிறது. நல்ல தூக்கம்.

"உம்."

எனக்குக் கை நின்றுவிட்டது.

அந்த உம் காதுக்குள் கேட்ட மாதிரி இல்லை. ஹெட்போனைக் கழற்றினேன். பதிவு ஓடிக்கொண்டுதான் இருந்தது. என் கையில் அந்த அம்மாவின் குரல் கொசு மாதிரி முனகியது. ஒரு வாக்கியம் முடிந்தது.

"உம்."

திரைக்குப் பின்னால்.

அடுத்த வாக்கியம் முடிந்தது.

"உம்."

என் கைக்குள் முனகும் கதை உள்ளறைக்கு எப்படிக் கேட்கும்? கதை மனப்பாடமாக இருக்கும், அக்காவைப் பயமுறுத்திப் பார்க்கிறான், கழுதை. அப்படித்தான் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

"விளையாடாதடா. எனக்கு வேலை இருக்கு."

மின்விசிறிச் சத்தம் மட்டும்.

மறுபடி மாட்டிக்கொண்டேன். தாய்க்குப் புரிந்துவிடுகிறது. புரிந்துவிட்டது என்று அதற்குத் தெரியக்கூடாது. சொல்வதை நிறுத்தவும் கூடாது. கதை ஓடும் வரைக்கும் அது ஒன்றும் செய்யாது. விடிய விடியச் சொல்கிறாள். தெரிந்ததெல்லாம் தீர்ந்துபோகிறது. நாக்கு ஒட்டிக்கொள்கிறது. கடைசியில் நிறுத்துகிறாள். அப்போது அது கேட்கிறது, "அப்புறம்?"

நானும் அங்கேயே பதிவை நிறுத்தினேன். இதற்கு மேல் கேட்க எனக்குத் தெம்பில்லை.

மணி எட்டு பதினேழு.

கைபேசி அதிர்ந்தது. தம்பியிடமிருந்து செய்தி. "அக்கா, பைண்டிங் கடையில கூட்டம். ஏழரையிலிருந்து நிக்கறேன். நீ மும்முரமா இருந்த, சொல்லாம வந்துட்டேன். இன்னும் அரை மணி ஆகும்."

இரண்டு முறை படித்தேன்.

திரையைப் பார்த்தேன்.

விளக்கு எரிந்தது. மின்விசிறி ஓடியது. திரை அசையவில்லை. மின்விசிறி அந்த வேகத்தில் ஓடினால் திரை எப்போதும் ஆடும்... அன்றைக்கு ஆடவில்லை. அந்தப் பக்கம் யாரோ திரையோடு ஒட்டி நிற்கிற மாதிரி, அடிவரை நேராகத் தொங்கியது.

"அப்புறம்?"

தம்பியின் குரல். அச்சு அசல்.

எழுந்திருக்க முடியவில்லை.

வாசல் கதவு உள்ளறையைத் தாண்டித்தான்.

"அப்புறம்?"

இந்த முறை கொஞ்சம் கிட்டே. திரைக்கு... இந்தப் பக்கம்.

திரையில் எதுவும் இல்லை. அறையில் எதுவும் இல்லை. என் நாற்காலியின் முதுகு மட்டும் லேசாகப் பின்னால் சாய்ந்தது.

என்னென்னவோ சொல்ல வாயைத் திறந்தேன். ஒரு கதையும் நினைவுக்கு வரவில்லை. ஒன்றுகூட.

காதோரம் மூச்சு. சூடாக இல்லை.

"அப்புற..."

"எனக்குத் தெரியாது!" என்று கத்தினேன். "என் தம்பியக் கேளு! அவனுக்குத்தான் எல்லாக் கதையும் தெரியும்!"

பிறகு, மெதுவாக...

"உம்."

திரை ஆட ஆரம்பித்தது.

தம்பி எட்டு ஐம்பதுக்கு வந்தான். கையில் பைண்டு செய்த புத்தகங்கள், வாய் நிறையப் பேச்சு. பைண்டிங் கடைக்காரரின் மீசையைப் பற்றியே பத்து நிமிடம் பேசினான். நான் அவனைப் பேச விட்டுக் கேட்டுக்கொண்டே இருந்தேன். ஒன்றும் ஆகவில்லை, எல்லாம் என் பிரமை, வேலை அலுப்பு. அப்படி நினைத்தபோது எனக்கு வந்த நிம்மதியை இன்றைக்கு நினைத்தாலும் வயிறு எரிகிறது.

கணினி மக்கர் செய்துவிட்டது, பாதிதான் அடித்தேன் என்று பொய் சொன்னேன்.

"பரவால்லக்கா. மிச்சத்த நான் வாயாலயே சொல்லிடறேன்."

காலையில் கிளம்பும்போது என் காலைத் தொட்டான். "இனிமே நீ ஒரு எழுத்தும் அடிக்க வேணாம்கா" என்றான். அவன் பேசிய கடைசி வாக்கியம் அது.

தேர்வு நடக்கும் அறையில் வீட்டு ஆட்களும் உட்காரலாம். நான் கடைசி வரிசையில் இருந்தேன். வெளித் தேர்வாளர் நல்ல மனிதராகத்தான் தெரிந்தார். நான் அடித்த தாள்களை நிதானமாகப் படித்தார். கடைசித் தாளைக் கவிழ்த்துப் பார்த்தார், பின்பக்கம் ஒன்றும் இல்லை. கண்ணாடியைக் கழற்றிவிட்டு, தம்பியைப் பார்த்துச் சிரித்தபடி கேட்டார்.

"அப்புறம்?"

தம்பி வாயைத் திறந்தான்.

"உம்."

எல்லாரும் சிரித்தார்கள். அவர் மறுபடி கேட்டார். அவன் கழுத்து நரம்பு புடைத்தது. கண்ணில் நீர் முட்டியது.

"உம்."

மூன்றாவது முறை யாரும் சிரிக்கவில்லை. ஐந்தாவது முறை, பின்வரிசை மாணவன் ஒருவன் அதே மாதிரி "உம்" என்று சொல்லிக் காட்ட, மறுபடியும் அறையே சிரித்தது. தம்பி திரும்பி என்னைப் பார்த்தான். சின்ன வயதில் இருட்டில் என்னைத் தேடும்போது பார்ப்பானே, அதே பார்வை. நான் தரையைப் பார்த்தேன். "இப்படி ஒரு கோளாறு இருக்குன்னு முன்னாடியே சொல்லித் தொலைச்சிருக்கலாமே" என்று நெறியாளர் என்னிடம் சீறிவிட்டுப் போனார். பட்டமும் போயிற்று, வேலையும் போயிற்று.

தொண்டையில் ஒன்றுமில்லை என்றார் ஒரு மருத்துவர். மூளையில் ஒன்றுமில்லை என்றார் இன்னொருவர்.

ஒரு மாதம் கழித்து சலவைக்கடைக்குப் போனேன். அந்த அம்மா என்னைப் பார்த்ததும் இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டார்.

"அன்னைக்கு அவன் உங்க முன்னாடி உக்காந்து உம் கொட்டினான் இல்ல?"

"யாரு? உன் தம்பியா? அது செல்போன மேசையில வச்சிட்டு டீ குடிக்கப் போயிருச்சும்மா. எனக்கே தெரியாது. நான் பாட்டுக்கு அந்தப் பக்கம் திரும்பிச் சொல்லிட்டு இருந்தேன், முதுகுப் பக்கம் உம் உம்னு வந்துச்சு. பாதிக் கதையில பாத்தா, உன் தம்பி ரோட்டுக்கு எதிர்ப்பக்கம் நின்னு டீ குடிக்குது."

"அப்ப நீங்க..."

"திரும்பிப் பாக்கல. நிறுத்தாம முழுசா சொல்லி முடிச்சேன். முடிச்சிட்டா அது போயிரும்." அவர் என் கையைப் பிடித்தார். "நீ கேட்டப்போ பாதியில நிறுத்தலையே?"

"அந்தக் கதை... எப்படிம்மா முடியும்?"

"அந்தத் தாய் தப்பிச்சிருவா. 'எனக்குத் தெரியாது, என் குழந்தையக் கேளு'ன்னு கையக் காட்டிருவா. மறுநாள்லேர்ந்து அந்தக் குழந்தைக்கு உம்மத் தவிர வேற பேச்சு வராது."

இது நடந்து எட்டு மாதம் ஆகிறது. உள்ளறையில் தம்பி படுத்திருக்கிறான். தினமும் இரவு நான் பக்கத்தில் உட்கார்ந்து கதை சொல்கிறேன். அவன் உம் கொட்டுகிறான். தூங்கும்போதும் கொட்டுகிறான். கையை நீட்டி அவன் வாயைத் தொட்டுப் பார்க்கும் தைரியம் எனக்கு இல்லை.

அவனுடைய புத்தகங்களில் இருந்ததெல்லாம் தீர்ந்துவிட்டது. முந்தாநாள் ஒரு நிமிடம் தடுமாறினேன். எட்டு மாதத்தில் முதல்முறையாக அவன் வேறு ஒரு வார்த்தை சொன்னான். என்ன வார்த்தை என்று உங்களுக்கே தெரியும்.

அதனால்தான் இதை எழுதுகிறேன். எழுத எழுத வாய்விட்டுப் படிக்கிறேன். ஒவ்வொரு வாக்கியத்துக்கும் திரைக்குப் பின்னாலிருந்து உம் வருகிறது. என்னிடம் மிச்சம் இருந்த கதை இது ஒன்றுதான். இதுவும் இங்கே முடிகிறது.

அது கேட்கும்போது யாரைக் காட்டுவது என்று முடிவு செய்துவிட்டேன். இங்கே வேறு யாரும் இல்லை. இவ்வளவு நேரம் சத்தம் போடாமல் கேட்டுக்கொண்டிருந்தது நீங்கள்தான்.