கோட்டையை மறைக்கும் பேனர்

செஞ்சி பேருந்து நிலையத்தில் மேல்மலையனூர் பஸ்ஸுக்காகக் காத்திருக்கிறேன். வானம் கறுத்து வருகிறது. எதிரே கோட்டை மலையை மறைத்துக்கொண்டு ஒரு பேனர். போன வருட வெள்ளத்துக்குப் பிறகு வீடு கட்டித் தரும் பொறுப்பை ஏற்ற அமைச்சருக்குப் பிறந்தநாளாம். சேறு கண்டிராத வெள்ளைச் சட்டையில் கும்பிடுகிறார்.

பக்கத்தில் அவித்த வேர்க்கடலை விற்கும் அக்கா அந்தப் பேனரையே பார்த்துக்கொண்டிருக்கிறார்.

"உங்க கட்சியாக்கா?"

"கட்சியாவது ஒண்ணாவது! வெள்ளத்துல என் கூரை பூட்ச்சி சார். வீடு தரேன்னு பேர் எழுதிக்கினு போனாங்க, அவ்ளோதான். நாளைக்கு இத்த அவுக்கிறப்போ எனக்குத் தரேன்னு பேனர் கட்றவரு சொல்லிட்டாரு. மேல போட்டா ரெண்டு மழை தாங்கும்."

எனக்குத்தான் கோபம் வருகிறது. சற்றுமுன் கைப்பேசியில் படித்ததை அவரிடம் சொல்கிறேன். ஜப்பானில் ஓர் அரசியல்வாதி படிப்படியாக உயர்ந்து, சுனாமி அழித்த ஊர்களைத் திரும்பக் கட்டும் துறைக்கு அமைச்சரானார். வீடிழந்தவர்கள் மனம் நோகும்படி ஒரு வார்த்தை பேசினார். மன்னிப்புக் கேட்டும் பதவி தப்பவில்லை.

"ஒரு வார்த்தைக்கா?"

"ஆமாக்கா."

கடலைமேல் தூறல் விழுகிறது. அவர் சாக்கை இழுத்து மூடிவிட்டு, கவலையோடு கேட்கிறார்:

"பதவி பூட்டா யாரும் பேனர் வைக்க மாட்டாங்களே சார். அந்த ஊரு சனங்க கூரைக்கு இன்னா பண்ணுவாங்க?"