கழற்றிய கைப்பிடி

காலை பத்தே முக்காலுக்குக் கீழ்வீட்டுக்காரர் போன் செய்து, அக்கா படியில் விழுந்து இறந்துவிட்டாள் என்றார்.

அக்கா மூன்றாம் மாடியில் இருபத்தாறு வருடம் துணி தைத்தாள். அந்தக் கட்டடத்தின் வளைந்த கல் படிக்கட்டுக்காகச் சினிமாக்காரர்கள் கதையையே மாற்றினார்கள். சமையலறையில் முடிய வேண்டிய சண்டைகூடப் படிக்கு வந்துவிடும். நாயகி அழுதுகொண்டே இறங்கி ஓடுவாள்.

"எல்லாரும் இறங்கித்தான் ஓடுறாங்க. ஒருத்தியாவது மளிகைப் பையோட ஏறினாளாடா?" என்று அக்கா சிரிப்பாள்.

அவளுக்கு முட்டிவலி வந்த பிறகு, குடியிருப்பவர்கள் சேர்ந்து சுவரில் இரும்புக் கைப்பிடி பொருத்தினார்கள். அது பழைய அழகைக் கெடுக்கிறதாம். ஒவ்வொரு படப்பிடிப்புக்கும் கழற்றுவார்கள், மாலையில் மாட்டிவிடுவார்கள். இந்த முறை மாட்டவில்லை. அக்கா போய்க் கேட்டாள்.

"இன்னும் ரெண்டு ஷாட் பாக்கிக்கா. கொஞ்சம் அட்ஜஸ்ட் பண்ணிக்கோங்க" என்றாராம் படப்பிடிப்பு மேனேஜர்.

"உங்க ஹீரோயினுக்கு முட்டி வலிச்சாத் தெரியும் தம்பி."

ஐந்து நாள் அட்ஜஸ்ட் செய்தாள்.

'புகழ்பெற்ற படிக்கட்டில் விபத்து' என்று பேப்பரில் செய்தி போட்டு, அங்கே எடுத்த பதினொரு படங்களின் பெயரையும் கொடுத்திருக்கிறார்கள். இறந்தவள் வெறும் 'ஒரு பெண்'. படிக்கட்டுக்கு ஒன்றும் ஆகவில்லை ஐயா, செத்தது என் அக்கா.

தன் வாசலை ஒட்டிய கைப்பிடித் துண்டை அவளே மாட்டத் தொடங்கியிருந்தாள். கீழ்முனையில் நான்கு ஸ்க்ரூவும் இறுகியிருக்கின்றன. மேல்முனையில் ஒன்றுதான் பாதிவரை ஏறியிருக்கிறது.