சருகு சார் கட்டிய சிவப்பு நாடா

காட்டை ஒட்டிய அந்த ஊரில் அவருக்குப் பெற்றோர் வைத்த பெயர் அலுவலகப் பதிவேட்டில் மட்டும் பத்திரமாக இருந்தது. மற்றபடி ஊருக்கே அவர் சருகு சார்.

தீத்தடுப்புப் பிரிவில் இருபத்திரண்டு வருடச் சேவை. கோடைக்கு ஒரு மாதம் முன்பே நோட்டீஸ் கட்டோடு வீடு வீடாகக் கிளம்பிவிடுவார். கூரையில் சருகு இருக்கக் கூடாது. சுவரில் சாய்த்து விறகு அடுக்கக் கூடாது. வீட்டைச் சுற்றி முப்பது அடிக்கு எரியக்கூடிய பொருள் எதுவும் கூடாது. "காட்டுத் தீ பறந்து வராது, நீங்க விரிச்சு வச்ச சருகு மேல நடந்துதான் வரும்" என்பது அவருடைய சொந்தப் படைப்பு. அதைச் சொல்லும்போது கண்ணை லேசாக மூடிக்கொள்வார். கேட்பவர்களும் மூடிக்கொள்வார்கள், காரணம் வேறு.

இப்பேர்ப்பட்ட மகானின் வீட்டுப் பின்பக்கத்தில் என்ன இருந்தது என்று யாரும் கேட்கவில்லை. கேட்காவிட்டாலும் சொல்வது நம் கடமை. மாடி கட்டுவதற்காகச் சேர்த்த பழைய மரக் கதவுகள் பதினொன்று, ஜன்னல்கள் இருபது. மாடிக்கு இன்னும் ஒரு செங்கல்கூட வாங்கவில்லை. ஆனால் அதற்குக் கதவு தயாராகிப் பன்னிரண்டு வருடமாகிறது. மனைவியின் அண்ணன் பழைய கட்டடங்களை இடிக்கும் தொழிலில் இருந்தார். எதை இடித்தாலும், "மாப்பிள்ளை, நல்ல கதவு ஒண்ணு இருக்கு, அனுப்பட்டுமா?" என்று போன் வரும். 'வேண்டாம்' என்ற சொல் இவருக்கு அந்த நேரம் பார்த்து மறந்துபோகும். கதவுகளின்மேல் விறகு, விறகின்மேல் கொடி, கொடியின்மேல் சருகு. எல்லாம் சமையலறைச் சுவரை ஒட்டி, ஓர் ஆள் ஒருக்களித்துப் போகும் சந்து மட்டும் விட்டு, சுகமாக வாழ்ந்தன.

மருந்துக்கடையில் வேலை பார்க்கும் மனைவி வருடம் தவறாமல் கேட்பாள்: "ஏங்க, நம்ம வீட்டுக்கும் ஒரு நோட்டீஸ் குடுங்களேன்."

"நம்ம வீடு வேறம்மா. அது என் நேரடிக் கண்காணிப்புல இருக்கு."

பக்கத்து வீட்டுக் கணக்கு வாத்தியாருக்கு அந்தச் சலுகை இல்லை. ஓய்வுபெற்ற அந்த மனிதர் நான்கு நோட்டீஸ் வாங்கியிருந்தார். நான்காவது, வேலியோரம் கிடந்த ஒரே ஒரு விளக்குமாற்றுக்காக. அன்றைக்கு வந்த ரோஷத்தில் முற்றத்தில் ஒரு புல் விடாமல் மழித்து, சுற்றிலும் கூழாங்கல் கொட்டிவிட்டார். "தம்பி, இனிமே என் வீட்டுல எரியிறதுக்கு என் வயிறு ஒண்ணுதான் பாக்கி. அதுக்கும் நோட்டீஸ் உண்டா?" என்று மதில்மேல் எட்டிக் கேட்டார். சருகு சார் குறித்துக்கொண்டார்: 'திருப்திகரம்.'

மலைச்சரிவில் இரண்டு நாளாகக் கனன்றுகொண்டிருந்த தீ, மூன்றாம் நாள் பிற்பகல் காற்று திரும்பியதும் வனத்துறை வெட்டி வைத்திருந்த தீத்தடுப்புக் கோட்டைத் தாண்டியது. கடைசித் தெருவைக் காலி செய்து ஜனங்களைப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பினார்கள். வீடுகள் நாற்பத்தொன்று, தண்ணீர் லாரிகள் மூன்று. எல்லாவற்றையும் காப்பாற்ற முடியாது. அதற்காகத்தான் நாடா விதி. தீ வருவதற்கு முன்னால் ஒருவர் தெருவில் நடந்து, வீட்டுக்கு ஒன்றரை நிமிடம் பார்த்து, கேட்டில் நாடா கட்ட வேண்டும். பச்சை என்றால் ஆட்கள் நின்று காப்பாற்றுவார்கள். சிவப்பு என்றால் ஒருவரும் உள்ளே கால் வைக்கக் கூடாது. சுவரைவிட ஆள் முக்கியம்.

விதியை எழுதியவர் சருகு சார். அதற்குக் கிடைத்த சான்றிதழைக் கூடத்தில், மரச் சட்டம் போட்டு, மாட்டியிருந்தார்.

புதிதாக மாற்றலாகி வந்த லாரி டிரைவர் குழாயைத் தோளில் போட்டுக்கொண்டு கூடவே நடந்தான். வாத்தியார் வீட்டுக்குப் பச்சை, யோசிக்கவே வேண்டியிருக்கவில்லை. அடுத்த கேட்டைத் திறந்த டிரைவர் பின்பக்கத்தை எட்டிப் பார்த்துவிட்டு விசிலடித்தான்.

"யார் வீடு சார் இது? கொளுத்துறதுக்குன்னே அடுக்கி வச்ச மாதிரி இருக்கு! இந்த ஆளுக்கு யாரும் நோட்டீஸே குடுக்கலையா?"

"குடுத்திருக்க மாட்டாங்க."

"எந்த மடையன் சார் இந்த ஏரியா பாக்குறது?"

"எனக்குத் தெரிஞ்சவன்தான்."

சருகு சாரின் கை பச்சை நாடா இருந்த பையைத் தானாகவே தேடியது. இருபது வருடம் குடியிருந்த வீடு. பெண்ணின் உயரத்தை வருடாவருடம் பென்சிலால் குறித்த சுவர் உள்ளே இருக்கிறது. யார் கேட்கப்போகிறார்கள்? விதியை எழுதியவனே கட்டினால் அதற்கு மேல் அப்பீல் ஏது?

"பச்சைன்னா சொல்லுங்க சார். நான் இந்தச் சந்துக்குள்ள போய்க் குழாயோட நின்னுக்கிறேன்" என்றான் டிரைவர், ஏதோ பஸ்ஸில் இடம் பிடிப்பதுபோலச் சாதாரணமாக.

சந்து இரண்டடி. ஒரு பக்கம் சுவர், மறுபக்கம் பதினொரு கதவு. இத்தனை கதவிருந்தும் வெளியேற வழி ஒன்றுதான். சருகு சார் சிவப்பை எடுத்தார். முதல் முடிச்சு நழுவியது, இரண்டாவது நின்றது.

"இது என் வீடுப்பா" என்றார். டிரைவர் குழாயைத் தோள் மாற்றிப் போட்டுக்கொண்டு அடுத்த கேட்டைத் திறக்கப் போனான்.

பள்ளிக்கூடத்திலிருந்து மனைவி போன் செய்தாள். "நம்ம வீட்டுக்கு என்னங்க கலர்?"

"சிவப்பு."

"சரி. வேற யாரு பாத்திருந்தாலும் அதத்தான் கட்டியிருப்பாங்க. அவங்க பன்னெண்டு வருஷம் முன்னாடியே கட்டியிருப்பாங்க." பிறகு, "கேஸ் சிலிண்டரையாவது வெளிய எடுத்தீங்களா?"

எடுக்கவில்லை. தீ தெருவை எட்டுவதற்குள் ஓடிப்போய் எடுத்து, தெருமுனைக்கு உருட்டிக்கொண்டு வந்தார். சான்றிதழ் ஞாபகத்துக்கு வரவில்லை.

தீ அவர் சொன்னபடியே நடந்து வந்தது. சருகு, கொடி, விறகு, கதவு என்று வரிசை தவறவில்லை. கதவுக் குவியல் பற்றியதும் சமையலறைக் கூரை சரிந்தது. அனல் வாத்தியார் வீட்டுச் சுவரை நக்கியது. அங்கே நின்ற ஆட்கள் கூழாங்கல் முற்றத்தில் கால் ஊன்றி, மதிலுக்கு மேலாக இந்தப் பக்கம் தண்ணீரைப் பீய்ச்சினார்கள். பச்சை வீட்டுக்கு ஆபத்து வந்தால் அது கிளம்பும் இடத்தை அணைக்கலாம் என்று அதே விதியில் ஒரு வரி உண்டு. சமையலறையும் கதவுகளும் போயின. மிச்ச வீடு, பென்சில் கோடுகள் உட்பட, நனைந்து நின்றது.

அறிக்கையில் அவர் வீட்டைக் காப்பாற்றியதாக ஒரு வார்த்தை இல்லை. 'பக்கத்து வீட்டை ஒட்டியிருந்த ஆபத்து அணைக்கப்பட்டது' என்றிருந்தது. எழுதியதும் அவர்தான். இரண்டு முறை படித்துப் பார்த்தார், திருத்த எதுவுமில்லை.

மறுநாள் காலையில் மனைவி கேட்டில் இருந்த நாடாவை அவிழ்க்க விடவில்லை. "பின்பக்கம் சுத்தமாகட்டும். அப்புறம் பாக்கலாம்." போன் அடித்தது. அவளே எடுத்தாள். "அண்ணே, சமையலறைக்குக் கதவு கிதவுன்னு பேச்செடுத்தீங்க, அப்புறம் நமக்குள்ள பேச்சு வார்த்தை கிடையாது" என்று வைத்துவிட்டாள்.

சருகு சார் சாம்பலுக்கு நடுவே வெறுங்கையோடு நின்றார். அள்ளக் கூடை இருந்தது, கூட்டுவதற்குத்தான் கையில் எதுவுமில்லை. மதிலுக்கு மேலே வாத்தியாரின் தலை தெரிந்தது. பின்னாலேயே அந்த விளக்குமாறும் வந்தது.

"இந்தாங்க தம்பி. எரியக்கூடிய பொருள், ஜாக்கிரதை. வேலை முடிஞ்சதும் மறக்காம உள்ள வச்சிடுங்க."