கூட்ட மறந்த 273

“இருபத்தேழு பாகை செல்சியஸ் ஐம்பத்துநான்கானால் அமுக்கம் இருமடங்கு” என்று மகள் வாயுக் கணக்கைப் போட்டதும் எனக்கு டயர் ரப்பர் மணத்தது.

பலாபத்வலயில் வாப்பாவின் டயர்க்கடை. நாவுல ஊர் மரக்கறி லொறிக்கு அவர் காற்றடித்தபோது, உயர்தர வகுப்பில் சேர்ந்த திமிரில் நானும் இதே கணக்கைச் சொன்னேன். “வெயில்ல அமுக்கம் ரெண்டு மடங்காகும் வாப்பா, டயர் வெடிச்சிடும்.”

“படிச்ச புள்ள சொன்னா சரிதான்” என்று பாதிக் காற்றை இறக்கிவிட்டார்.

மாலையில் டிரைவர், காற்றுப் போதாமல் கிழிந்த டயரோடு வந்து கத்தினார். “காத்தடிக்கவும் தெரியாதா நானா?”

“என்ட பிழைதான் தம்பி” என்றார் வாப்பா. என்னைத் திரும்பியும் பார்க்கவில்லை.

வெப்பநிலையோடு 273ஐக் கூட்டிக் கெல்வினாக்க வேண்டும், அமுக்கம் பத்தில் ஒரு பங்குகூட ஏறாது என்பது மறுநாள் வகுப்பில்தான் தெரிந்தது. வாப்பாவிடம் அதை நான் இன்றுவரை சொல்லவில்லை.

“273ஐக் கூட்டு” என்று மகளிடம் மெதுவாகச் சொன்னேன். பக்கத்து அறையில் வாப்பா விழித்திருந்தார்.