புளியமரத்துக்கு அந்தப் பக்கம்

இட ஒதுக்கீடு கேட்டு எங்கள் பக்கத்தில் சாலைகளை மறித்த வருடம் அது. கள்ளக்குறிச்சியில் சைக்கிள் கடை வைத்திருந்தேன். மனைவி என்னோடு சண்டை போட்டுக்கொண்டு எலவனாசூர்கோட்டையில் இருந்த தாய் வீட்டோடு போய்விட்டாள். ஆறு வயது மகள் யாரிடம் இருப்பது என்று வழக்கு. தீர்ப்பு வரும்வரை என்னிடம் இருக்கலாம், மாதத்தின் முதல் சனிக்கிழமை பத்து மணியிலிருந்து பன்னிரண்டு வரை கோர்ட் வளாகத்தில் தாய் வந்து பார்க்கலாம் என்று உத்தரவு. வந்தாலும் வராவிட்டாலும் கோர்ட் வாசலில் பெயர் கூப்பிடும் டவாலி ஒரு நோட்டில் எழுதிக் கையெழுத்து வாங்குவார்.

மறியல் நடந்த வாரத்தில் அந்தச் சனிக்கிழமை வந்தது. தியாகதுருகம் சாலையில் புளியமரத்தை அறுத்துப் போட்டவர்களில் நானும் ஒருவன். அவள் வர வேண்டியதும் அந்தச் சாலைதான். பஸ் வராது என்று என்னைவிட யாருக்குத் தெரியும்? ஆனாலும் மகளுக்குத் தலை சீவி, பத்து மணிக்கு முன்னாலேயே கொண்டுபோய் உட்கார வைத்தேன்.

பன்னிரண்டு ஆனதும் நோட்டைக் கேட்டேன்.

"பஸ்ஸே ஓடல. அந்தப் பொம்பள எப்படிப்பா வரும்? இன்னும் கொஞ்ச நேரம் பாரேன்," என்றார் டவாலி.

"ஆர்டர்ல பன்னெண்டுன்னுதானுங்க இருக்கு."

"ஆர்டர மட்டும் நல்லா படிச்சிக்கினு வந்திருக்க," என்று நோட்டைத் தள்ளினார். 'தாய் வரவில்லை' என்ற வரிக்குக் கீழே கையெழுத்துப் போட்டேன்.

மகளைக் கேரியரில் வைத்துக்கொண்டு, மறியலில் இருந்தவர்களை ஒரு எட்டுப் பார்த்துவிட்டுப் போகலாம் என்று அந்தப் பக்கம் மிதித்தேன். மரத்தின் மேல் ஒரு பெண் ஏறிக்கொண்டிருந்தாள். செருப்பு கையில் இருந்தது. கிளையில் மாட்டிய முந்தானையை இழுத்தபடி எங்கள் ஆளிடம் கேட்டாள்.

"மணி இன்னாங்க ஆச்சு? கோர்ட்ல எம்பொண்ணு குந்திக்கினு இருக்கும்."

விடியுமுன் புறப்பட்டு நடந்து வந்திருக்கிறாள். நான் சைக்கிளைச் சந்துக்குள் திருப்பினேன். என் முதுகு மகளுக்கு மறைத்திருக்கும் என்று நினைத்தேன். மகள் ஒன்றும் கேட்கவில்லை. அன்று கோர்ட் அரை நாள். மனைவி போனபோது கேட் பூட்டியிருந்ததாம்.

அடுத்த வாய்தாவில் என் வக்கீல் அந்த நோட்டைக் காட்டினார். நடந்தே வந்தேன் என்று அவள் அழுதாள். பார்த்தவர் யாராவது உண்டா என்று கேட்டார்கள். பார்த்தவன் நான்தான், தரையைப் பார்த்துக்கொண்டு நின்றேன். மாதம் ஒருமுறை என்றிருந்தது ஆறு மாதத்துக்கு ஒருமுறை ஆனது. கடைசியில் மகளும் எனக்கே என்று தீர்ப்பு வந்தது.

பிறகு ஒதுக்கீடும் வந்தது. அதில் இடம் கிடைத்துப் படித்து மகள் டீச்சரானாள். முதல் சம்பளம் வாங்கிய மாதமே அம்மா வீட்டுக்குக் கிளம்பிவிட்டாள். வாசலில் நின்று, கோபம்கூட இல்லாமல் சொன்னாள்.

"அன்னிக்கு மரத்து மேல அம்மா நின்னத நானும் பார்த்தேம்பா. நீயா சொல்லுவேன்னு இத்தினி வருசம் பார்த்துக்கினு இருந்தேன்."

மரத்தை அறுத்ததற்காக நான் இன்றுவரை வருத்தப்பட்டதில்லை. ஆனால் அந்தச் சந்து வழியாகப் போகும்போதெல்லாம் கேரியரில் ஒரு குழந்தை வாய் திறக்காமல் உட்கார்ந்திருக்கிற கனம் தெரிகிறது.