அஜக்ஸில் ஒரு சார்ள்ஸ்ரன் கதவு

போன ஞாயிற்றுக்கிழமை காலை. பேப்பரை மடித்து அதன் இடத்தில் வைத்துவிட்டுத் தேநீருக்கு எழும்பும்போது தொலைபேசி அடித்தது. யோகன். என் மனைவியின் அண்ணன். ரொறன்ரோவுக்குப் பக்கத்தில், அஜக்ஸில் இருக்கிறார்.

"மச்சான், சப்பாத்து கிடைச்சிட்டுது!"

எந்தச் சப்பாத்து என்று நான் கேட்கவில்லை. ஜனவரியில் இருந்து எங்கள் குடும்பத்தில் சப்பாத்து என்றால் ஒன்றே ஒன்றுதான். கறுப்பு நிறம், இடது கால், பெண்களுடையது, கணுக்காலில் சின்னப் பித்தளை வளையம்.

அது தொலைந்த கதையைச் சொல்ல வேண்டுமானால், அமெரிக்காவின் தெற்கே இருக்கும் ஒரு பழைய நகரத்தின் வீடுகளில் இருந்து தொடங்க வேண்டும். என்ன செய்வது... சில சப்பாத்துகளின் பூர்வீகம் அப்படி!

போன வருடம் நாங்களும் யோகன் குடும்பமும் சார்ள்ஸ்ரன் என்ற நகரத்துக்கு விடுமுறை போனோம். அங்கே பழைய வீடுகள் வீதியைப் பார்த்து நிற்பதில்லை. வீதிக்குத் தோளைக் காட்டிக்கொண்டு பக்கவாட்டில் நிற்கின்றன. அகலம் ஓர் அறை அளவுதான். நீளப் பக்கம் முழுவதும் தூண் வைத்த விறாந்தை - கடற்காற்று வாங்குவதற்கு. வீதியோரத்தில் மாளிகைக்கு வைப்பதுபோல ஒரு பெரிய கதவு. அதைத் திறந்தால் வரவேற்பறை வரும் என்று நினைப்பீர்கள். வராது. விறாந்தைதான் வரும். வீட்டின் உண்மையான வாசல் அந்த விறாந்தையின் நடுவில் இருக்கிறது.

அதாவது, கதவைத் திறந்து உள்ளே போனாலும் நீங்கள் வெளியேதான் நிற்கிறீர்கள்.

வீட்டின் அகலத்துக்கு வரி போட்டார்களாம், அதனால்தான் ஒடுக்கமாகக் கட்டினார்களாம் என்றார் எங்கள் வழிகாட்டி. மத்தியானம் வந்த இன்னொரு வழிகாட்டி அது சும்மா கதை என்றார். இரண்டையும் நான் டயரியில் எழுதிக்கொண்டேன். யோகன் எதையும் எழுதவில்லை. வாயைத் திறந்தபடி நின்றார்.

வீதிக் கதவு திறந்திருந்தால் விருந்தாளிகள் வரலாம், மூடியிருந்தால் இன்று யாரையும் பார்க்கவில்லை என்று அர்த்தமாம். விறாந்தைக் கூரையின் உட்புறத்துக்கு வெளிர் நீலம் அடித்தால் பேய் வராதாம், குளவியும் கூடு கட்டாதாம். சுவர்களில் தட்டு மாதிரி இரும்புகள் தெரிந்தன - பழைய நிலநடுக்கம் ஒன்றுக்குப் பிறகு வீட்டுக்குள்ளால் கம்பி ஓட்டி இறுக்கி வைத்தவை.

யோகன் என் தோளைப் பிடித்தார். "மச்சான், இப்பிடியொரு வீடு கட்ட வேணும்."

"உங்களிட்ட வீடு இருக்குதே, மச்சான்."

"அது வீடோ? பெட்டி!"

ரொறன்ரோவுக்குத் திரும்பியதும் அந்தப் பெட்டியின் பக்கவாட்டில் வேலை தொடங்கியது. நகரசபையின் அனுமதி எடுத்தார். நல்ல மூலைக் காணி என்பதால் இடம் இருந்தது. நீள விறாந்தை, வெள்ளைத் தூண்கள், பளபளக்கும் தரை, நீலக் கூரை. வீதிப் பக்கத்தில் ஆளுயரத்துக்கும் மேலான ஒரு கரும்பச்சைக் கதவு. சுவரில் நிலநடுக்க இரும்புகூட வைத்தார். பிளாஸ்ரிக்தான். பசை போட்டு ஒட்டியது.

"கடற்காத்து வரும்," என்றார் யோகன்.

"லேக் ஒன்ராரியோவில இருந்து காத்து வரும். ஆள் வராது," என்றார் அவர் மனைவி ராணி.

ஆள் வரவில்லைதான். பீட்சா வந்தது. கொண்டுவந்தவர் விறாந்தையில் வைத்துவிட்டுப் போனார், ரக்கூன் என்ற காட்டுப் பிராணி வந்து சாப்பிட்டது. அன்று கதவு திறந்திருந்ததால் ரக்கூன்மீது குற்றமில்லை என்று யோகன் தீர்ப்புச் சொன்னார்.

அந்தக் கதவால் வீட்டுக்காரர் யாரும் போனதில்லை. ஸ்காபரோவில் இருந்து போகும் நாங்களும் போனதில்லை. நம்மவர்களில் யார் முன்கதவால் போகிறோம்? கராஜைத் திறந்து, பழைய அரிசிச் சாக்குக்கும் சைக்கிளுக்கும் நடுவே புகுந்து, நேராகக் குசினிக்குள், அடுப்புக்குப் பக்கத்தில், இறங்குகிறோம். அதனால் அந்தக் கதவில் இருந்த சிக்கல் ஒருவருக்கும் தெரியவில்லை... ஜனவரி வரை.

யோகனின் மகள் தர்ஷி, பிக்கரிங்கைச் சேர்ந்த அகிலன் என்ற பையனை விரும்பினாள். நல்ல பையன். அப்பா நடா அண்ணை சாதுவானவர். அம்மா மனோ அக்காதான் பிடிகொடுக்கவில்லை. "பிள்ளை நல்லம். ஆக்கள் எப்பிடியோ தெரியாது. வீட்டைப் பார்த்தால் தெரியும்," என்றாராம்.

வீட்டைப் பார்த்தால் தெரியும்! யோகனுக்கு இதைவிட வேறென்ன வேண்டும்?

"அப்பா, ப்ளீஸ், அவையளைக் கராஜால கூட்டிக்கொண்டு வாங்கோ," என்று தர்ஷி கெஞ்சினாள்.

"சம்பந்தியளைக் கராஜாலயோ? உனக்கென்ன விசரே?"

அவர்கள் வந்த அன்று மைனஸ் பதினெட்டு. பனி கொட்டிக்கொண்டிருந்தது. யோகன் பச்சைக் கதவை அகலத் திறந்து வைத்துக்கொண்டு, கோட்டும் சூட்டுமாக நடுங்கியபடி நின்றார். பின்னால் நான்.

மனோ அக்கா கதவைத் தாண்டினார். தாண்டியதும் குனிந்து சப்பாத்தைக் கழற்றினார். நடா அண்ணையும் கழற்றினார். அகிலனும் கழற்றினான்.

நம்மவர் ஒருவர் கதவைத் தாண்டிவிட்டார் என்றால் அடுத்த கணம் கை சப்பாத்துக்குத்தான் போகும். மூளைக்கும் அதற்கும் தொடர்பில்லை. நானும் கழற்றினேன் என்பதையும் சொல்ல வேண்டும். அதோடு, கன்னாபின்னாவென்று கிடந்த எல்லாச் சப்பாத்துகளையும் சோடி சோடியாகச் சுவரோரம் அடுக்கினேன். எனக்கு அப்படிக் கிடந்தால் சாப்பாடு இறங்காது.

நிமிர்ந்து பார்த்தால், மனோ அக்கா சொக்ஸோடு பனித்தூள் படிந்த தரையில் நிற்கிறார்.

"உள்ளுக்கு வந்திட்டமோ?" என்றார்.

"ஓம், ஓம். இது உள்ளுக்குத்தான்... ஒரு மாதிரி," என்றார் யோகன். "வீடு அங்காலை."

அந்த 'அங்காலை' வரை ஈரச் சொக்ஸோடு நடந்தோம். நடா அண்ணை ஒரு தூணைக் கட்டிப்பிடித்தபடி இளைப்பாறினார். மனோ அக்கா நிமிர்ந்து பார்த்தார்.

"உதென்ன நீலம்?"

"பேய் வராமல் இருக்க, அக்கா."

"இந்த வீட்டுக்குப் பேய் வாறதோ?"

"இனி வராது!"

தர்ஷி கண்ணை மூடிக்கொண்டாள். நடா அண்ணை சுவரில் இருந்த இரும்பைக் காட்டினார். "உது?"

"நிலநடுக்கத்துக்கு."

"அஜக்ஸிலயோ?" என்று அதைத் தொட்டார். அது கழன்று அவர் கையோடு வந்தது. அதை என்ன செய்வது என்று தெரியாமல் கோட்டுப் பைக்குள் போட்டுக்கொண்டார், பாவம்.

எல்லோரும் உள்ளே போனபின், காற்று அடிக்கிறதென்று யோகன் ஓடிப்போய் வீதிக் கதவைச் சாத்திவிட்டு வந்தார். அங்கேதான் பிழை நடந்தது.

பக்கத்து வீட்டில் ஃபிராங்க் என்றொரு நல்ல மனிதர். பனி தள்ளும் இயந்திரம் புதிதாக வாங்கியிருந்தார். கேட்காமலே யோகனின் வீட்டு முன்பக்கத்தையும் துப்புரவாக்கிக் கொடுப்பார். கதவு திறந்திருந்தால் விருந்தாளி, மூடியிருந்தால் ஒருவரும் இல்லை என்று அவருக்குப் பாடம் எடுத்தவர் யோகன்தான். ஃபிராங்க் பார்த்தார். கதவு மூடியிருந்தது. அள்ளிய பனியை எங்கேயாவது கொட்ட வேண்டும். யாருமில்லாத விறாந்தை... இயந்திரத்தின் வாயை அந்தப் பக்கம் திருப்பிவிட்டார்.

உள்ளே, மனோ அக்கா கதிரை நுனியில் இருந்தார். தேநீரைக் குடிக்கவில்லை. இடியப்பம் அவித்து வைத்திருந்த ராணி "சாப்பிடலாமே?" என்று கேட்டதும் எழும்பிவிட்டார்.

"இல்லை, ஸ்னோ கொட்டுது. நாங்கள் வெளிக்கிடுவம். பிறகு கதைப்பம்."

பிறகு கதைப்பம்! நம் தமிழில் இதற்கு என்ன அர்த்தம் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. தர்ஷியின் முகம் வெளிறிவிட்டது. அகிலன் நிலத்தைப் பார்த்தான்.

வாசலைத் திறந்தோம். விறாந்தை இல்லை. தூண்களின் இடுப்பு வரை வெள்ளையாக ஒரு மலை இருந்தது. அந்தப் பக்கத்தில் இருந்து ஃபிராங்க் பெருமையாகக் கைகாட்டினார்.

"சப்பாத்து?" என்றார் மனோ அக்கா.

பிறகு நடந்தது அகழ்வாராய்ச்சி. வீட்டில் இருந்தது பனி அள்ளும் சவள் ஒன்றே ஒன்றுதான். அதை ஃபிராங்க் எடுத்துக்கொண்டார். யோகன் குப்பை வாரியோடும், அகிலனும் தர்ஷியும் ஆளுக்கொரு கேக் சுடும் தட்டோடும் இறங்கினார்கள். நான் அடுக்கியவன் என்பதால் மேற்பார்வை எனக்கு.

"அகிலன், சுவரோரம். அதில அப்பான்ர பழுப்புச் சோடி. பக்கத்தில அம்மான்ர."

"அங்கிள், யூ ரிமெம்பர் எவ்ரிதிங்?"

"அடுக்கினது நான், தம்பி!"

ஒவ்வொன்றாக வந்தன. பனி நிரம்பி, தொப்பையோடு. மனோ அக்காவின் இடது காலைத் தவிர எல்லாம் வந்தன. வந்தவற்றை ராணி துணி காயவைக்கும் ட்ரையருக்குள் போட்டார். ட்ரையர், மேளம் பழகுபவனைப் போல டமடமவென்று அடிக்கத் தொடங்கியது.

ஒற்றைச் சப்பாத்தோடு எங்கே வெளிக்கிடுவது? மனோ அக்கா ராணியின் பாத்றூம் செருப்பைப் போட்டுக்கொண்டு குசினியில், சூடான காற்று வரும் துவாரத்துக்குமேல் காலை வைத்தபடி இருந்தார். இடியப்பத்தட்டு கைக்கு வந்தது. சொதியும் வந்தது. சாப்பிடத் தொடங்கினார்.

"அக்கா, மன்னிச்சுக்கொள்ளுங்கோ," என்றார் ராணி. அழுகிற குரல். "இந்த மனிசன் சார்ள்ஸ்ரன் போய் வந்ததில இருந்து இப்பிடித்தான். நானும் எவ்வளவோ சொன்னன்."

மனோ அக்கா வரவேற்பறைப் பக்கம் எட்டிப் பார்த்தார். அங்கே நடா அண்ணை பிளாஸ்ரிக் இரும்பைக் கையில் வைத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டு யோகனிடம் கேட்டுக்கொண்டிருந்தார்: "உந்தத் தூண் எங்க வாங்கினனீங்கள், தம்பி?"

மனோ அக்கா தட்டைக் கீழே வைத்தார். குரலைத் தாழ்த்தினார்.

"ராணி, ஆருக்கும் சொல்லாதேங்கோ. எங்கட கராஜுக்குள்ள இவர் ஒரு சாண்டிலியர் விளக்குத் தூக்கி வைச்சிருக்கிறார்."

"கராஜுக்குள்ளயோ?"

"பளிங்குச் சரம் தொங்கிறது. கார் உள்ளுக்குப் போகாது. அதாலதான் ஒருத்தரையும் வீட்டுக்குக் கூப்பிடுறேல்ல."

அவ்வளவுதான். இரண்டு பெண்களும் சிரித்த சிரிப்பில் ட்ரையர் சத்தம் கேட்கவில்லை. வீட்டைப் பார்த்தால் ஆட்களைத் தெரியும் என்பது உண்மைதான். தன் வீட்டில் இருப்பது போலவே இங்கேயும் ஒன்று இருக்கிறது என்று மனோ அக்காவுக்குத் தெரிந்துவிட்டது.

அன்று மனோ அக்கா ராணியின் செருப்போடுதான் வீடு போனார். "சப்பாத்து கிடைச்சதும் சொல்லுங்கோ. வந்து எடுத்துக்கொண்டு, நாளும் வைச்சிட்டுப் போறம்," என்றார் மனோ அக்கா. அதன்பிறகு ஒவ்வொரு வாரமும் வானிலை அறிக்கையை எங்கள் குடும்பம் கேட்டது போல யாரும் கேட்டிருக்க மாட்டார்கள். பனி கரைந்தால் கல்யாணம்!

போன ஞாயிறு கரைந்தது. ஃபிராங்க் பனியைக் கொட்டிய வேகத்தில் சப்பாத்து தூணுக்குப் பின்னால் இருந்த பூச்சாடிக்குள் போய் விழுந்திருந்தது.

நாங்களும் அஜக்ஸ் போனோம். யோகன் பச்சைக் கதவை அகலத் திறந்து, துடைத்த சப்பாத்தைக் கையில் பிடித்தபடி விறாந்தையில் நின்றார். இந்தமுறை தரையில் நீளத்துக்குக் கம்பளம். "சப்பாத்தைக் கழற்ற வேண்டாம்" என்று தமிழில் ஒரு பலகை வேறு.

மனோ அக்காவின் கார் வந்தது. பச்சைக் கதவைத் தாண்டிப் போய் நின்றது. கராஜ் கதவு மேலெழும் சத்தம் கேட்டது.

தேநீர் குடித்து, பஞ்சாங்கம் பார்த்து, வைகாசியில் நாளும் வைத்தாயிற்று. அப்போதுதான் பெண்ணின் அப்பாவைக் காணோம் என்று யாருக்கோ ஞாபகம் வந்தது. நான் போய் விறாந்தையில் எட்டிப் பார்த்தேன். சப்பாத்தும் கையுமாக இன்னும் வீதியைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"மச்சான், நாள் வைச்சாச்சு. உள்ளுக்கு வாங்கோ."

வந்தார். கராஜ் வழியாக!