டக்ட் வாசலில் நின்றவன்

என் தங்கை புருஷனுக்கு இந்த வேலையை வாங்கிக் கொடுத்தவன் நான். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் எங்கள் வீட்டில் வேறு யாரும் இதைச் சொல்வதில்லை.

அவர் பெரம்பலூரில் ஒரு கடையில் ஃபிரிட்ஜ் ரிப்பேர் பார்த்துக்கொண்டிருந்தார். கல்யாணமான கொஞ்ச நாளில் கடையை மூடிவிட்டார்கள். தங்கை போனில் அழுதாள். நான் அரியலூரில் எங்கள் ஏசி காண்ட்ராக்ட் முதலாளியிடம் போய் நின்று, "தங்கமான பையன் சார், நான் பொறுப்பு" என்று சொல்லிச் சேர்த்துவிட்டேன். என்னைவிட மூன்று வயது சின்னவர். ஆனாலும் வீட்டு மாப்பிள்ளை ஆயிற்றே, வாங்க மாப்ள, உக்காருங்க மாப்ள என்றுதான் பேச வேண்டும். முதல் ஒரு வருடம் நான் ஏறினால் ஏணியைப் பிடித்துக்கொண்டு கீழே நின்றார். என் டூல்ஸ் பையைத் தூக்கி வந்தார். அந்த ஒரு வருடம் எனக்கு அவரை ரொம்பப் பிடித்திருந்தது.

எங்கள் வேலை காற்றை அளப்பது. சிமெண்ட் ஆலைகளில் மின்சாரப் பேனல்கள் இருக்கும் அறைகள் உண்டு. வெளியே எங்கு பார்த்தாலும் தூசி. அது உள்ளே வராமல் இருக்க, அறைக்குள் குளிர்ந்த காற்றைக் கொஞ்சம் கூடுதலாகவே தள்ளிக்கொண்டிருக்க வேண்டும். கதவைத் திறந்தால் காற்று உள்ளேயிருந்து வெளியே வர வேண்டும். அந்தக் காற்றைக் கொண்டுபோகிற பெரிய தகரக் குழாய்க்கு டக்ட் என்று பெயர். ஆள் தவழ்ந்து போகிற அளவுக்கு இருக்கும். அதில் காற்று எவ்வளவு வேகமாகப் போகிறது, எவ்வளவு சூடு, எவ்வளவு ஈரம் என்று அவ்வப்போது அளந்து ஷீட்டில் எழுதித் தருவோம்.

டக்ட்டின் பக்கவாட்டில் சின்னத் துளை போட்டு மீட்டரின் நீளமான குச்சியை உள்ளே விட வேண்டும். நடுவில் காற்று வேகமாகப் போகும், தகரத்தை ஒட்டி மெதுவாகப் போகும். அதனால் ஓரத்திலிருந்து ஓரம் வரை பல இடங்களில் அளந்து சராசரி எடுக்க வேண்டும். நான் நடுவில் ஒரு தடவை அளப்பேன். மிச்சக் கட்டங்களை மனசுக்குத் தோன்றியபடி நிரப்புவேன். இதைப் பெருமையாகச் சொல்லவில்லை. ஆனால் அத்தனை வருடத்தில் ஒருவரும் என்னைக் கேட்டதில்லை.

மாப்பிள்ளை அப்படி இல்லை. துளை போடும் முன் டக்ட்டைச் சுற்றிப் பார்ப்பார், உள்ளே ஒயர் போகிறதா, தண்ணீர்க் குழாய் ஒட்டியிருக்கிறதா என்று. கண்ணுக்குக் கண்ணாடி மாட்டுவார். நாலு படி ஏறினாலும் பெல்ட் போடுவார். ஒவ்வொரு இடத்திலும் குச்சியை நிறுத்தி, எண் ஆடி அடங்கும் வரை காத்திருப்பார். வேலை முடிந்ததும் துளையை ரப்பர் மூடியால் அடைத்துப் பக்கத்தில் தேதி எழுதுவார். நான் அரை மணியில் முடிப்பதை அவர் அரை நாள் செய்வார். ஆனால் ஆலை இன்ஜினியர்கள் எல்லாரும் மெல்ல மெல்ல அவரையே கேட்க ஆரம்பித்தார்கள். "அவர் வரலியா?" என்று என் முகத்தைப் பார்த்தே கேட்பார்கள்.

பிறகு கம்பெனி ஒருவரைச் சென்னைக்குப் பயிற்சிக்கு அனுப்பியது. என்னை இல்லை. திரும்பி வரும்போது ஒரு சர்டிபிகேட், புது மீட்டர், கறுப்பாக மின்னுகிற புது ஷூ, அவருடைய போட்டோ ஒட்டிய ஒரு சிவப்புப் பூட்டு எல்லாம் கொண்டுவந்தார். அந்தப் பூட்டு எதற்கென்றால், ஆள் டக்ட்டுக்குள் இருக்கும்போது யாராவது ஃபேனைப் போட்டுவிட்டால் பிறகு ஆளைத் தேட வேண்டியதில்லை. அதனால் உள்ளே போகிறவன் சுவிட்சை நிறுத்தி அதில் தன் பூட்டைப் போட்டுச் சாவியைத் தன் பையில் வைத்துக்கொள்வான். அவன் வெளியே வந்து திறந்தால்தான் ஃபேன் ஓடும். எனக்கும் ஒரு பூட்டு உண்டு. போட்டோ கிடையாது. டூல்ஸ் பையின் அடியில் கிடக்கும்.

அந்த ஞாயிற்றுக்கிழமை திருமானூரில் எங்கள் வீட்டுக்கு அவரும் தங்கையும் வந்தார்கள். கொள்ளிடத்து விரால் வாங்கியது நான். நடுத்துண்டு மாப்பிள்ளை தட்டுக்குப் போனது, வால் எனக்கு வந்தது. அம்மா பூட்டை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "போட்டோவுல கல்யாண மாப்ள மாதிரியே இருக்காரு" என்றாள். எனக்கு வயிறு எரிந்தது. மறைப்பதற்கு என்ன இருக்கிறது, எரிந்தது.

தங்கைக்கு மட்டும் முகம் வாடியிருந்தது. "அண்ணே, இவரு அந்தக் கொழாய்க்குள்ளல்லாம் போறாராமே. கேக்கவே பகீர்ங்குது" என்றாள்.

"மச்சான்தான் வெளில நிக்கறாருல்ல, அப்புறம் என்ன?" என்றார் அவர், முள்ளை எடுத்துக்கொண்டே.

"அதான் நானும் நெனச்சுக்கறேன்" என்றாள் தங்கை. நான் வால் துண்டில் முள் பொறுக்கிக்கொண்டிருந்தேன்.

அடுத்த வாரம் அரியலூர் பக்கம் ஓர் ஆலையில், பேனல் அறைக்குள் தூசி வருகிறது என்று கூப்பிட்டார்கள். போன தடவை அங்கே அளந்தவன் நான். என் ஷீட்டில் காற்று நிறைவாக இருந்தது. மாப்பிள்ளை புது மீட்டரை வைத்து அளந்தார். ஃபேன் பக்கத்தில் காற்று சரியாக இருந்தது, வளைவு தாண்டினால் பாதிகூட இல்லை. நடுவில் எங்கேயோ அடைக்கிறது, உள்ளே போய்ப் பார்க்க வேண்டும் என்றார். ஆலை இன்ஜினியர் இரண்டு ஷீட்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். என்னை ஒன்றும் கேட்கவில்லை. கேட்டிருந்தால்கூடத் தேவலாம் என்றிருந்தது.

மறுநாள் காலை ஒரு மணி நேரம் ஃபேனை நிறுத்த அனுமதி கொடுத்தார்கள். அதற்கு மேல் போனால் பேனல்கள் சூடாகி மெஷின் நின்றுவிடும். அவர் உள்ளே, நான் வெளியே. உள்ளே ஆள் இருக்கும்வரை வெளியே நிற்பவன் இடத்தை விட்டு அசையக் கூடாது, அதுதான் அவன் வேலையே. அவர் சுவிட்சில் பூட்டைப் போட்டார்.

"மச்சான், ஒங்க பூட்டையும் போட்ருங்க."

"ஒரு பூட்டு பத்தாதா மாப்ள? நான் இங்கதானே நிக்கறேன்" என்றேன். போட்டோ ஒட்டிய பூட்டுக்குப் பக்கத்தில் என் துருப்பிடித்த பூட்டைத் தொங்கவிட எனக்கு மனசில்லை.

அவர் ஷூவைக் கழற்றி டக்ட்டின் சின்னக் கதவுக்கு முன்னால் சேர்த்து வைத்தார். சேஃப்டி விதிப்படி ஷூவோடுதான் போக வேண்டும். ஆனால் சுத்தமாக இருக்க வேண்டிய இடத்துக்குள் சிமெண்ட் ஒட்டிய ஷூவோடு போக எங்கள் ஆட்கள் யாருக்கும் மனசு வராது. அதனால் யாரும் எழுதி வைக்காமலே ஒரு வழக்கம் வந்துவிட்டது. வாசலில் ஷூ இருந்தால் உள்ளே ஆள் இருக்கிறது. எலெக்ட்ரீஷியன் முதல் கூட்டுகிறவர் வரைக்கும் அதைத்தான் பார்ப்பார்கள்.

"உள்ள எங்கியாவது விழுந்துரும், வச்சிருங்க" என்று தன் போனை என்னிடம் கொடுத்துவிட்டு டார்ச்சோடு தவழ்ந்து போனார். கொஞ்ச நேரத்தில் வளைவுக்கு அந்தப் பக்கமிருந்து குரல் வந்தது. காற்றைக் கூட்டிக் குறைக்கிற தடுப்புத் தகடு கழன்று குறுக்கே விழுந்திருக்கிறதாம். தூசியைப் பார்த்தால் ரொம்ப நாளாகவே அப்படித்தான் கிடக்கிறதாம்.

"அப்புறம் ஒங்க ஷீட்ல மட்டும் எப்புடி மச்சான் காத்து ஃபுல்லா வந்துச்சு?"

குத்தலாகக் கேட்கவில்லை. உண்மையிலேயே புரியாமல்தான் கேட்டார். அதுதான் எனக்குத் தாங்கவில்லை. குனிந்து அந்தப் புது ஷூவை எடுத்தேன், பக்கத்துப் பேனலுக்குப் பின்னால் கொண்டுபோய் வைத்தேன். வெளியே வந்து வெறுங்காலோடு அந்தத் தூசியில் தேடட்டும், இன்ஜினியர் பார்த்துச் சிரிக்கட்டும் என்றுதான். தூசி உள்ளே போகாமல் டக்ட் கதவைச் சாத்தினேன். அந்த ஒரு விஷயத்தில் ஒழுங்காக இருந்தேன். பிறகு கேன்டீனுக்கு டீ குடிக்கப் போய்விட்டேன்.

டீ பாதி இருக்கும்போது அவருடைய போன் அடித்தது. இன்ஜினியர் சார். என் நம்பரும் அவரிடம் உண்டு, ஒரு நாளும் கூப்பிட்டதில்லை. அடிக்கட்டும் என்று விட்டேன். மறுபடியும் அடித்தது. சத்தத்தை அமுக்கி மேஜைமேல் கவிழ்த்து வைத்தேன். மூன்றாவது தடவை மேஜையில் அது நடுங்கியபோதுதான் எனக்கு உறைத்தது. மாப்பிள்ளை உள்ளே இருப்பது தெரிந்தால் சார் எதற்கு அவருக்குப் போன் செய்கிறார்? அவர் வெளியே வந்துவிட்டார் என்று நினைத்தால்தான் போன் செய்வார். வந்துவிட்டார் என்று ஏன் நினைக்க வேண்டும்?

வாசலில் ஷூ இல்லை.

போனை எடுப்பதற்குள் நின்றுவிட்டது. அதன் லாக் நம்பர் எனக்குத் தெரியாது. என் போனிலிருந்து சாரைக் கூப்பிட்டேன், பிஸி என்று வந்தது. ஓடினேன். அந்த ஆலையில் ஓடக் கூடாது என்று நாலு இடத்தில் போர்டு இருக்கிறது. தங்கை முகம் ஒன்றுதான் கண்முன் நின்றது. நான் பொறுப்பு என்று முதலாளியிடம் சொன்னது காதில் கேட்டுக்கொண்டே இருந்தது.

நான் போய்ச் சேர்ந்தபோது எலெக்ட்ரீஷியன் சுவிட்சுக்கு முன்னால் உட்கார்ந்து ஆக்சா பிளேடால் சிவப்புப் பூட்டை அறுத்துக்கொண்டிருந்தார். இன்ஜினியர் பக்கத்தில் போனைக் காதில் வைத்து நின்றார். ஒரு மணி ஆவதற்குள்ளேயே பேனல் அறை சூடாகி அலாரம் அடித்துக்கொண்டிருந்தது.

"நிறுத்துங்க! உள்ள ஆளு இருக்கு!" என்று கத்தினேன்.

எலெக்ட்ரீஷியன் கை நின்றது. "டக்ட்ட ரெண்டு தட்டு தட்டிப் பாத்தேனே, பதிலே இல்ல. பக்கத்து ஃபேன் சத்தம் வேற. ஷூவும் இல்ல, நீயும் இல்ல. பூட்ட மறந்துட்டு ரெண்டு பேரும் சாப்புடப் போயிட்டீங்கன்னுல்ல நெனச்சோம்."

"ஷூவ நான்தான் எடுத்து வச்சேன்."

"எதுக்குய்யா?" என்றார் இன்ஜினியர்.

பேனலுக்குப் பின்னால் போய் ஷூவை எடுத்துவந்து, இரண்டு கையிலும் ஒவ்வொன்றைப் பிடித்தபடி அங்கேயே நின்றேன். அதற்குள் டக்ட் கதவு திறந்தது. மாப்பிள்ளை தலையெல்லாம் தூசியோடு வெளியே வந்தார். முடிஞ்சுது சார் என்று சொல்ல வாயெடுத்தவர், பூட்டைப் பார்த்தார். வளையத்தில் முக்கால்வாசி அறுந்திருந்தது. இன்னும் நாலு இழுப்பு இருந்திருக்கும். பிறகு என் கையிலிருந்த ஷூவைப் பார்த்தார். அதற்குப் பிறகு என்னைப் பார்த்தார். என் முகத்தில் அவருக்கு எல்லாம் தெரிந்திருக்கும்.

"நான்தான் சார் ஓரமா எடுத்து வைக்கச் சொன்னேன். தண்ணி சொட்டுச்சு" என்றார்.

அங்கே தண்ணீர் எதுவும் சொட்டவில்லை. இன்ஜினியர் நம்பினாரா என்று தெரியாது. இனிமேல் இடத்தை விட்டு நகர்ந்தால் கேட் பாஸைப் பிடுங்கிவிடுவேன் என்று என்னைத் திட்டியதோடு விட்டுவிட்டார். என் வேலை போகாமல் இருந்தது மாப்பிள்ளை சொன்ன அந்த ஒரு பொய்யால்தான். வெட்கமில்லாமல் இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். அந்த நேரத்திலும் எனக்குள் ஒரு மூலையில் எரிந்தது. நல்லவனாக இருப்பதிலும் அவரே முந்திக்கொண்டார்.

வேனில் திரும்பும்போது, "மாப்ள, நான் வந்து..." என்று ஆரம்பித்தேன். "வுடுங்க மச்சான்" என்று ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். வீட்டில் அவர் ஒரு வார்த்தை சொல்லவில்லை. அடுத்த ஞாயிற்றுக்கிழமை அம்மா வழக்கம்போல நடுத்துண்டை அவர் தட்டில் வைத்தாள். "புதுப் பூட்டு குடுத்துருக்காங்களாமே, பழசு என்னாச்சு?" என்று தங்கை கேட்டாள். "துரு ஏறிருச்சு" என்றார். வாங்கி ஒரு மாதம் ஆகாத பூட்டு. நான் சாப்பாட்டைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்து கை கழுவினேன்.

அதற்கடுத்த மாதம் வேறோர் ஆலையில் இதே மாதிரி உள்ளே போகிற வேலை வந்தது. பழக்கத்தில் நான் வாசலில் போய் நின்றேன்.

"மச்சான், நீங்க உள்ள போங்க. நான் வெளில நிக்கறேன்" என்றார் அவர். குரலில் கோபமே இல்லை.

பையின் அடியிலிருந்து என் பூட்டைத் தேடி எடுத்துச் சுவிட்சில் போட்டேன். அவரும் தன் புதுப் பூட்டை அதன் பக்கத்தில் போட்டார். ஷூவைக் கழற்றி வைத்துவிட்டுத் தவழ்ந்தேன். வளைவு தாண்டியதும் கும்மிருட்டு. சாவி சட்டைப் பையில் இருக்கிறதா என்று இரண்டு மூன்று தடவை தொட்டுப் பார்த்தேன். ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை வெளியேயிருந்து "மச்சான்?" என்று குரல் வரும். "இருக்கேன் மாப்ள" என்பேன். வேலை முடிந்து வெளியே வந்தபோது போன இடத்திலேயே நின்றிருந்தார். என் ஷூ வைத்த இடத்திலேயே இருந்தது.

அன்றிலிருந்து நாங்கள் இரண்டு பேரும் சேர்ந்து போனால் உள்ளே போவது நான்தான். வேறு ஆள் வெளியே நின்றால் அவர் உள்ளே போவார். நான் நின்றால் போக மாட்டார். இது எங்கள் இரண்டு பேருக்கு மட்டும்தான் தெரியும். தங்கை போன் செய்யும்போதெல்லாம் மறக்காமல் ஒன்று கேட்பாள்: "அவரு உள்ள போறப்ப நீ வெளில நிக்கறல்ல, அண்ணே?"

நிக்கறேன் என்றுதான் சொல்கிறேன்.